உண்மையின் குரல்: மணிலா வேரித்தாஸ் வானொலியின் வரலாறு



ஆண்டுதோறும் தூய ஆவியாரின் பெருவிழாவுக்கு முந்தைய ஞாயிறன்று உலக சமூகத் தொடர்பு நாளைத் திருச்சபை சிறப்பிக்கிறது. திருத்தந்தையின் செய்தியைப் பங்குத்தந்தை வாசிப்பார். நாமும் கேட்டுவிட்டு வீடு திரும்புவோம். திருச்சபைக்கு எதற்கு வானொலியும் தொலைக்காட்சியும், கோவிலில் மறையுரை கேட்டால் போதாதா என்று எண்ணுபவர்களும் நம்மிடையே உண்டு. இந்தக் கேள்விக்குப் பிலிப்பைன்ஸ் நாட்டுக் கத்தோலிக்கர்களின் வாழ்விலிருந்து ஒரு பதில் கிடைக்கிறது. அந்த வரலாற்றை இன்று சற்று விரிவாகச் சிந்திப்போம்.

பிலிப்பைன்ஸில் பல கிறிஸ்தவ சபைகள் சொந்தமாக ஒலி, ஒளிபரப்பு நிலையங்களை நடத்துகின்றன. இக்லேசியா நி கிறிஸ்தோ என்னும் சபையோடு இணைந்த நெட் 25 தொலைக்காட்சி 1999இல் தொடங்கியது. கத்தோலிக்கருக்கு டிவி மரியா என்னும் தொலைக்காட்சி இருக்கிறது. ஆனால் ஒரு நாட்டின் வரலாற்றுப் போக்கையே மாற்றிய நிலையம் என்று கேட்டால், எல்லாரும் சொல்லும் பெயர் ஒன்றுதான். அது வேரித்தாஸ் வானொலி. வேரித்தாஸ் என்பது இலத்தீன் சொல். அதற்கு உண்மை என்று பொருள்.

ஆயர்களின் கனவு

1958ஆம் ஆண்டு டிசம்பரில் தென்கிழக்கு ஆசிய ஆயர்கள் மணிலா நகரில் கூடினார்கள். ஆசியக் கண்டத்தில் கத்தோலிக்கர்கள் மிகச் சிறுபான்மையினர். பல நாடுகளில் மறைப்பணியாளர்கள் நுழையவே முடியாத நிலை இருந்தது. எல்லைகளைத் தாண்டி மக்களைச் சென்றடைய ஒரு வானொலி வேண்டும் என்று ஆயர்கள் அப்போது முடிவு செய்தார்கள். ஆசியாவில் கத்தோலிக்கர்கள் பெரும்பான்மையாக வாழும் பெரிய நாடு பிலிப்பைன்ஸ் என்பதால், நிலையத்தை அங்கே அமைப்பது பொருத்தமாக இருந்தது.

கனவு நனவாகப் பத்தாண்டுகளுக்கு மேல் ஆயிற்று. அந்த இடைவெளியில் இரண்டாம் வத்திக்கான் சங்கம் கூடியது. சமூகத் தொடர்புச் சாதனங்கள் பற்றிய அதன் ஆணை 1963 டிசம்பர் 4 அன்று வெளிவந்தது. ஜெர்மன் நாட்டின் தாராளமான உதவியுடன் கருவிகள் வந்து சேர்ந்தன. 1969 ஏப்ரல் 11 அன்று வேரித்தாஸ் வானொலி முறைப்படி திறந்துவைக்கப்பட்டது.

அடுத்த ஆண்டு நவம்பரில் திருத்தந்தை ஆறாம் பவுல் மணிலா வந்தார். விமான நிலையத்திலேயே ஒருவன் கத்தியுடன் அவர்மீது பாய்ந்த நிகழ்வு நமக்குத் தெரிந்ததே. அந்தப் பயணத்தின் போதுதான், 1970 நவம்பர் 29 அன்று, வேரித்தாஸ் வானொலி வழியாக ஆசிய மக்கள் அனைவருக்கும் அவர் தம் செய்தியை வழங்கினார். பின்னர் 1981 பிப்ரவரி 21 அன்று திருத்தந்தை இரண்டாம் யோவான் பவுலும் இதே நிலையத்திலிருந்து ஆசிய மக்களிடம் பேசினார். இரு திருத்தந்தையரும் இன்று புனிதர்களாக வணங்கப்படுகிறார்கள்.

இரண்டு அலைகள், இரண்டு பணிகள்

வேரித்தாஸ் தொடக்கத்திலிருந்தே இரண்டு வகைப் பணிகளைச் செய்தது. ஒன்று, மத்திய அலையில் பிலிப்பைன்ஸ் மக்களுக்கான ஒலிபரப்பு. மத்திய அலை பெரும்பாலும் தரையை ஒட்டியே செல்லும். ஒரு மாநிலத்தையோ அதைச் சுற்றியுள்ள பகுதியையோ தெளிவாக எட்டும். இதற்கான கோபுரமும் ஒலிபரப்பியும் மணிலாவுக்கு வடக்கே புலக்கான் மாநிலத்தில், மலோலோஸ் என்னும் ஊரில் இருந்தன.

மற்றொன்று, சிற்றலையில் ஆசிய நாடுகளுக்கான ஒலிபரப்பு. சிற்றலை மேலே சென்று, வான்மண்டலத்தின் மின்னூட்டம் பெற்ற அடுக்குகளில் பட்டுத் திரும்பித் தரைக்கு வரும். இதனால் ஆயிரக்கணக்கான கிலோமீட்டர் தொலைவிலும் அதைக் கேட்கலாம். இந்தப் பணிதான் பின்னாளில் ஆசிய ஆயர் பேரவைகளின் கூட்டமைப்பினுடைய பொறுப்பில் ‘வேரித்தாஸ் ஆசியா வானொலி’ என்று தனியே வளர்ந்தது. மியான்மர், வியட்நாம், சீனம் ஆகிய நாடுகளின் மொழிகளோடு தமிழிலும் அது ஒலித்தது. மாலை வேளையில் வானொலிப் பெட்டியின் முள்ளை மெல்லத் திருப்பி, ஏறி இறங்கும் இரைச்சலுக்கு நடுவே வேரித்தாஸ் தமிழ்ப் பணியைக் கேட்டவர்கள், நிலையத்துக்குக் கடிதம் எழுதிவிட்டுத் தம் பெயர் வாசிக்கப்படுமா என்று காத்திருந்தவர்கள், இன்றும் நம் பங்குகளில் இருக்கிறார்கள்.

நம் காதுகளை எட்டிய அந்தக் குரல், தன் சொந்த மண்ணில் எத்தகைய சோதனையைக் கடந்து வந்தது என்பதை நம்மில் பலர் அறிந்திருக்க மாட்டோம்.

வாய் மூடிய காலம்

1972 செப்டம்பரில் அதிபர் பெர்டினாண்ட் மார்க்கோஸ் பிலிப்பைன்ஸில் இராணுவச் சட்டத்தை அறிவித்தார். செய்தித்தாள்கள், வானொலி நிலையங்கள், தொலைக்காட்சி நிலையங்கள் ஒரே இரவில் மூடப்பட்டன. மீண்டும் திறக்க அனுமதி பெற்றவை அரசு விரும்பியதை மட்டுமே சொல்ல வேண்டியிருந்தது. திருச்சபையின் குரலும் தப்பவில்லை. 1976 நவம்பரில் மிந்தனாவோ தீவில் தாகும், மலாய்பலாய் ஆகிய இடங்களில் இருந்த இரு கத்தோலிக்க வானொலி நிலையங்களை இராணுவம் மூடியது. இயேசு சபைக் குரு ஜேம்ஸ் ரூட்டர் நடத்திவந்த சிறு செய்தி இதழும் அவ்வாண்டு இறுதியில் மூடப்பட்டது. அமெரிக்காவில் பிறந்து பிலிப்பைன்ஸையே தம் வீடாகக் கொண்ட இந்தக் குருவை நாம் மீண்டும் சந்திப்போம்.

1981 ஜனவரியில் இராணுவச் சட்டம் பெயரளவில் நீக்கப்பட்டது. அச்சம் மட்டும் நீங்கவில்லை.

1983 ஆகஸ்ட் 21. எதிர்க்கட்சித் தலைவர் பெனிக்னோ அக்கினோ மூன்றாண்டுகள் அமெரிக்காவில் வாழ்ந்துவிட்டுத் தாயகம் திரும்பினார். மணிலா விமான நிலையத்தில் விமானத்திலிருந்து இறங்கிய உடனே சுட்டுக் கொல்லப்பட்டார். அரசின் கைக்குள் இருந்த தொலைக்காட்சிகளும் வானொலிகளும் இந்த நிகழ்வை அடக்கி வாசித்தன. வேரித்தாஸ் வானொலி நடந்ததைச் சொன்னது. ஆகஸ்ட் 31 அன்று அவரது அடக்க ஊர்வலத்தில் இலட்சக்கணக்கான மக்கள் மணிலாவின் தெருக்களில் திரண்டார்கள். காலையில் தொடங்கிய ஊர்வலம் கல்லறைத் தோட்டத்தை அடைய இரவாகிவிட்டது. அந்த நீண்ட ஊர்வலத்தை வேரித்தாஸ் மக்களுக்கு நேரடியாக ஒலிபரப்பியது.

அன்றிலிருந்து ஒரு பழக்கம் மக்களிடம் வேரூன்றியது. ஏதாவது நடந்தால் வேரித்தாஸ் என்ன சொல்கிறது என்று கேட்பது. இந்த நம்பிக்கை விளம்பரத்தால் வந்ததல்ல. மற்றவர்கள் மௌனமாக இருந்த நாளில் ஒருவர் பேசினார் என்பதை மக்கள் மறக்கவில்லை.

நான்கு நாட்கள்

1986 பிப்ரவரி 7 அன்று அதிபர் தேர்தல் நடந்தது. மார்க்கோசை எதிர்த்து, கொல்லப்பட்ட அக்கினோவின் துணைவியார் கொராசன் அக்கினோ போட்டியிட்டார். வாக்கு எண்ணிக்கையில் முறைகேடு நடப்பதாகக் குற்றச்சாட்டுகள் எழுந்தன. தேர்தல் ஆணையத்தின் கணினிப் பணியாளர்கள் சுமார் முப்பது பேர், திரையில் தெரியும் எண்ணும் தங்களுக்கு வந்த எண்ணும் ஒத்துப்போகவில்லை என்று சொல்லி, பிப்ரவரி 9 அன்று பணியிடத்தை விட்டு வெளியேறினார்கள். அவர்களில் பெரும்பாலோர் இளம் பெண்கள். பக்ளாரன் சகாயமாதா திருத்தலம் அவர்களுக்கு அடைக்கலம் தந்தது. பிப்ரவரி 13 அன்று பிலிப்பைன்ஸ் ஆயர் பேரவை வெளியிட்ட அறிக்கை, மோசடியால் பிடித்த ஆட்சிக்கு அறநெறி அடிப்படை இல்லை என்று தெளிவாகக் கூறியது. வன்முறையின்றி நீதிக்காகப் போராடுமாறு மக்களை அது அழைத்தது.

பிப்ரவரி 22, சனிக்கிழமை மாலை. பாதுகாப்பு அமைச்சர் ஹுவான் போன்சே என்ரிலேயும் இராணுவத் துணைத் தலைவர் பிடல் ராமோசும் மார்க்கோசுக்கு அளித்துவந்த ஆதரவை விலக்கிக்கொண்டு, எட்சா நெடுஞ்சாலையை ஒட்டிய இராணுவ முகாமில் தஞ்சம் புகுந்தார்கள். அவர்களோடு சில நூறு வீரர்களே இருந்தார்கள். விடிவதற்குள் முகாம் தாக்கப்படலாம் என்ற நிலை.

மணிலாப் பேராயர் கர்தினால் ஹைமே சின் முதலில் தொலைபேசியில் அழைத்தது அடைபட்ட மடங்களில் வாழும் தியான வாழ்வு அருட்சகோதரிகளை. நற்கருணை முன் கைகளை விரித்துச் செபியுங்கள், நான் சொல்லும்வரை நோன்பிருங்கள் என்று அவர்களைக் கேட்டுக்கொண்டதாக அவரே பின்னர் கூறியிருக்கிறார். அதன்பின் அன்று இரவு வேரித்தாஸ் வானொலியில் மக்களிடம் பேசினார். முகாமுக்குச் சென்று அங்கிருப்பவர்களுக்குத் துணை நில்லுங்கள், உணவு கொண்டுபோங்கள், இரத்தம் சிந்தாமல் பார்த்துக்கொள்ளுங்கள் என்பதே அவரது வேண்டுகோளின் சாரம்.

மக்கள் வந்தார்கள். முதலில் சில ஆயிரம் பேர். மறுநாள் இலட்சக்கணக்கானோர். குழந்தைகளைத் தோளில் சுமந்த பெற்றோர், குருமட மாணவர்கள், செபமாலை ஏந்திய அருட்சகோதரிகள், சோற்றுப் பாத்திரங்களோடு வந்த தாய்மார்கள். ஞாயிறு பிற்பகல் பீரங்கி வண்டிகள் முன்னேறியபோது, மக்கள் அவற்றின் முன் முழந்தாளிட்டுச் செபித்தார்கள். வண்டிகள் நின்றன. எந்தச் சாலையில் பீரங்கி வருகிறது, எந்த வாயிலில் ஆள் குறைவாக இருக்கிறார்கள், எங்கே குடிநீர் தேவை என்பதை எல்லாம் மக்கள் தங்கள் கையடக்க வானொலிப் பெட்டிகளில் கேட்டுத் தெரிந்துகொண்டார்கள்.

கோபுரம் விழுந்த பிறகு

ஆட்சியாளர்களுக்கு வேரித்தாசின் வலிமை புரிந்தது. பிப்ரவரி 23 அதிகாலையில் ஆயுதம் தாங்கியவர்கள் மலோலோசில் இருந்த ஒலிபரப்பு நிலையத்துக்குள் புகுந்து கருவிகளை நொறுக்கினார்கள். குறைந்த சக்தி கொண்ட மாற்று ஒலிபரப்பியை வைத்துச் சில மணி நேரம் நிலையம் தாக்குப்பிடித்தது. பின்னர் அதுவும் ஓய்ந்தது.

அப்போது அருட்தந்தை ரூட்டரின் வழிகாட்டுதலில், ஜூன் கீத்லி என்னும் பெண் அறிவிப்பாளர் வேறொரு வானொலி நிலையத்துக்குச் சென்றார். அது டிஇசட்ஆர்ஜே என்னும் தனியார் நிலையம். ‘ரேடியோ பாண்டிடோ’, அதாவது கொள்ளைக்கார வானொலி என்னும் புதுப் பெயரில், இருக்கும் இடத்தை வெளியே சொல்லாமல், பிப்ரவரி 24 அதிகாலை முதல் அவர் பேசத் தொடங்கினார். உதவிக்குப் பதின்ம வயதுச் சகோதரர்கள் இருவர் இருந்தார்கள். இது யாருடைய குரல் என்று மக்களுக்கு எப்படித் தெரியும்? முன்னாள் அதிபர் மக்சாய்சாயின் பழைய தேர்தல் பாடல் ஒன்றை அடையாளமாக ஒலிக்கச் செய்தார்கள். பாடலையும் ஜூன் கீத்லியின் பழகிய குரலையும் கேட்டதும், வேரித்தாஸ் சாகவில்லை என்று மக்கள் தெரிந்துகொண்டார்கள்.

இங்கே ஒரு நிகழ்வை மறைக்காமல் சொல்ல வேண்டும். அன்று காலை மார்க்கோஸ் குடும்பத்தோடு நாட்டை விட்டு ஓடிவிட்டார் என்று ரேடியோ பாண்டிடோ அறிவித்தது. சாலையில் நின்ற மக்கள் ஆனந்தக் கூத்தாடினார்கள். செய்தி பொய். சிறிது நேரத்தில் மார்க்கோஸ் அரசுத் தொலைக்காட்சியான நான்காம் அலைவரிசையில் தோன்றினார். தாம் எங்கும் போகவில்லை, பதவி விலகப் போவதும் இல்லை என்றார். அவர் பேசிக்கொண்டிருக்கும்போதே திரை இருண்டது. கிளர்ச்சி வீரர்கள் தொலைக்காட்சி நிலையத்தைக் கைப்பற்றியிருந்தார்கள்.

அந்தத் தவறான அறிவிப்பு இறுதியில் கிளர்ச்சியாளர்களுக்குச் சாதகமாகவே முடிந்தது என்று சிலர் சொல்வதுண்டு. ஆயினும் நாம் அதில் கற்க வேண்டியது வேறு. உண்மைக்காக உயிரைப் பணயம் வைத்தவர்களும் தவறான செய்தியைச் சொல்லிவிட முடியும். களைப்பும் ஆசையும் சேர்ந்தால், நடக்க வேண்டும் என்று விரும்புவதை நடந்துவிட்டதாக நம்பிவிடுவோம். கெட்டவர்கள் மட்டுமே பொய்யைப் பரப்புகிறார்கள் என்று நினைப்பது நமக்கு வசதி. நல்ல நோக்கம் உள்ளவர்களுக்கும் இந்த ஆபத்து உண்டு.

பிப்ரவரி 25 அன்று கொராசன் அக்கினோ அதிபராகப் பதவியேற்றார். அன்று இரவே மார்க்கோஸ் நாட்டை விட்டு வெளியேறினார். பெரிய அளவில் இரத்தம் சிந்தாமல் ஓர் ஆட்சி மாறியது. அதே ஆண்டு ஆசியாவின் உயரிய விருதான ரமோன் மக்சாய்சாய் விருது வேரித்தாஸ் வானொலிக்கு வழங்கப்பட்டது. அந்த நாட்களின் வானொலி ஒலிப்பதிவுகளை யுனெஸ்கோ நிறுவனம் 2003இல் தன் ‘உலக நினைவகம்’ பதிவேட்டில் சேர்த்தது. அருட்தந்தை ரூட்டர் 2012 டிசம்பர் 31 அன்று தமது 96ஆம் வயதிலும், ஜூன் கீத்லி 2013 நவம்பரிலும் இறைவனடி சேர்ந்தார்கள். கர்தினால் சின் அவர்களுக்கு முன்பே, 2005 ஜூன் 21 அன்று காலமானார்.

எளிதான கேள்வி அல்ல

திருச்சபையின் வானொலி மக்களைத் தெருவுக்கு அழைக்கலாமா என்ற கேள்வி அன்றும் எழுந்தது, இன்றும் எழுகிறது. அதுவும் அன்று காப்பாற்றப்பட்ட இருவரில் என்ரிலே, இராணுவச் சட்டக் காலம் முழுவதும் மார்க்கோசின் பாதுகாப்பு அமைச்சராக இருந்தவர். ராமோஸ் அதே காலத்தில் காவல் படையின் தலைவராக இருந்தவர். இவர்களுக்காகவா குருக்களும் கன்னியரும் பீரங்கி முன் நின்றார்கள்?

இதற்கு ஆயர்களின் அறிக்கையிலேயே பதில் இருக்கிறது. மக்கள் அளித்த வாக்கு மதிக்கப்பட வேண்டும், கொலை நடக்கக் கூடாது என்ற இரண்டுக்காகவே திருச்சபை பேசியது. கட்சி சார்பாகப் பேசுவது வேறு, உண்மையின் சார்பாகப் பேசுவது வேறு. ஆனால் இரண்டுக்கும் இடையே உள்ள கோடு மெல்லியது. ஒவ்வொரு முறையும் செபத்தோடும் அச்சத்தோடும்தான் அதைத் தேட வேண்டியிருக்கிறது. 2001 ஜனவரியில் மீண்டும் எட்சா சாலையில் மக்கள் திரண்டு அதிபர் எஸ்ட்ராடா பதவி இழந்தபோது, கர்தினால் சின் அதற்குத் தந்த ஆதரவு பற்றிக் கத்தோலிக்கரிடையே கூட ஒருமித்த கருத்து இருக்கவில்லை.

வெற்றி ஒருமுறை கிடைத்துவிட்டால் உண்மை என்றென்றும் நிலைத்துவிடும் என்பதும் இல்லை. இணையத்தில் பழைய வரலாறு திரிக்கப்படுவதைக் கண்ட பிலிப்பைன்ஸ் ஆயர்கள், எட்சா நிகழ்வின் 36ஆம் ஆண்டு நினைவு நாளான 2022 பிப்ரவரி 25 அன்று, பொய்ச் செய்திகளைக் குறித்து எச்சரித்து மேய்ப்புப் பணி மடல் எழுதினார்கள். அவ்வாண்டு மே மாதம் நடந்த தேர்தலில் மார்க்கோசின் மகன் பெரும் வாக்கு வேறுபாட்டில் அதிபராகத் தேர்ந்தெடுக்கப்பட்டார். மக்கள் அவ்வாறு வாக்களித்ததற்குக் காரணங்கள் பல இருக்கும். ஆனால் ஒன்று மட்டும் தெளிவாகிறது. பெற்றோர் கண்ணால் கண்டதைப் பிள்ளைகளுக்குச் சொல்லாமல் விட்டால், வேறு யாராவது வேறு விதமாகச் சொல்லிக்கொடுத்துவிடுவார்கள்.

இன்று வேரித்தாஸ்

மணிலா உயர்மறைமாவட்டத்தின் வேரித்தாஸ் வானொலி 846 கிலோஹெர்ட்சில் ஒலிக்கிறது. வேரித்தாஸ் ஆசியா வானொலியின் சிற்றலை ஒலிபரப்பு 2018 ஜூன் 30 அன்று நிறைவுற்று, பணி முழுவதும் இணையத்துக்கு மாறியது. செலவு, கேட்பவர் எண்ணிக்கை, புதிய தலைமுறையின் பழக்கம் எல்லாவற்றையும் எண்ணிப் பார்த்தால் இந்த முடிவு புரிந்துகொள்ளக் கூடியதே. ஆயினும் மியான்மர் மலைக் கிராமத்தில் மின்கல வானொலிப் பெட்டியை மட்டுமே நம்பியிருந்த ஒரு முதியவருக்கு அந்த ஜூன் மாத இரவு ஒரு இழப்புதான். புதிய சாதனத்துக்கு மாறும் ஒவ்வொரு முறையும், யாரை நாம் பின்னால் விட்டுச் செல்கிறோம் என்று கேட்டுப் பார்ப்பது கிறிஸ்தவக் கடமை.

நமக்கான செய்தி

யோவான் நற்செய்தியின் எட்டாம் அதிகாரத்தில் ஆண்டவர் இயேசு உண்மையையும் விடுதலையையும் இணைத்துப் பேசுகிறார். வேரித்தாசின் கதை அந்தப் போதனைக்கு நம் காலத்தில் எழுந்த சாட்சி. மலோலோசின் கருவிகளை உடைக்கச் சில நிமிடங்கள் போதுமாயிருந்தன. மக்கள் அந்தக் குரல்மீது வைத்த நம்பிக்கையை உடைக்க முடியவில்லை. காரணம், அது ஒரே நாளில் கட்டப்பட்டதல்ல. இழப்பு வரும் என்று தெரிந்தும் உண்மையைச் சொன்ன பல நாட்களால் கட்டப்பட்டது.

இன்று நம் ஒவ்வொருவர் கையிலும் ஓர் ஒலிபரப்பு நிலையம் இருக்கிறது. காலையில் எழுந்ததும் கைபேசியில் வரும் செய்தியைப் பங்குக் குழுவுக்கும் உறவினர் குழுவுக்கும் அனுப்பிவைக்கிறோம். அது நம் சமயத்துக்குச் சாதகமானது என்பதற்காகவோ, நமக்குப் பிடிக்காதவரைக் குறை சொல்கிறது என்பதற்காகவோ, சரிபார்க்காமல் அனுப்புகிறோமா? தவறு என்று தெரிந்தபின், அனுப்பிய இடத்திலேயே திருத்தம் சொல்லும் துணிவு நமக்கு இருக்கிறதா? நம் தெருவில், நம் பங்கில், நம் பணியிடத்தில் எளியவர் ஒருவருக்கு அநீதி நடக்கும்போது, கண்டதைக் கண்டபடி சொல்கிறோமா?

இன்றிரவு குடும்ப செபத்தில் இந்தக் கேள்விகளை ஆண்டவர் முன் வைப்போம். இரண்டு அருள்வரங்களைக் கேட்போம்: உண்மையைச் சொல்லும் துணிவு, தவறு செய்தபோது அதை ஒத்துக்கொள்ளும் தாழ்ச்சி. எட்சா சாலையில் மக்களோடு நடந்த அன்னை மரியா நமக்காகப் பரிந்து பேசுவாராக.